பதினாலு விட்டுப் போன கிரீடம்

போன் வந்தபோது குச்சி கண்ணாடிக் கடையில் ஒரு பெரியவரின் மூக்குக் கண்ணாடியைச் சூடு காட்டி வளைத்துக்கொண்டிருந்தாள். இடது காதுப் பக்கம் சரிகிறது என்று அந்தப் பெரியவர் அந்த வாரத்தில் மூன்றாவது தடவையாக வந்திருந்தார். போனைத் தோளுக்கும் காதுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டு, "சொல்லுங்க" என்றாள்.

"வாழ்த்துகள்" என்றது ஒரு பெண் குரல். "இன்னைக்குக் காலையிலேர்ந்து இந்த வருஷத்து சர்வதேச அழகி நீங்கதான்."

"யாரு வேணும் உங்களுக்கு?"

அந்தக் குரல் அவளுடைய முழுப் பெயரையும் அப்பா பெயரையும் பிறந்த தேதியையும் சொன்னது. அந்த முழுப் பெயரை அவளே கேட்டுப் பல நாள் ஆகியிருந்தது. வீட்டிலும் தெருவிலும் கடையிலும் அவள் குச்சிதான். ஐந்தடி பதினோரு அங்குல உயரம். பத்து வயதில் அக்கா வைத்த பெயர் அப்படியே ஒட்டிக்கொண்டது.

"என் பாங்க் நம்பர் எதையும் நான் தரமாட்டேன்" என்று சொல்லிவிட்டுக் குச்சி போனை வைத்தாள்.

பெரியவர் கண்ணாடியைப் போட்டுப் பார்த்தார். "யாரும்மா?"

"ஏமாத்துக்காரங்க சார். நான் அழகி ஆயிட்டேனாம்."

"அதுல என்ன ஏமாத்து?" என்று சிரித்தார் அவர். இந்தத் தடவை கண்ணாடி வலது பக்கம் சரிந்தது.

பத்து நிமிடத்தில் அதே எண்ணிலிருந்து மறுபடியும் போன். குச்சி எடுக்கவில்லை. பிறகு ஒரு மின்னஞ்சல் வந்தது. அதோடு பதினாறு பக்க ஒப்பந்தம், மேலே போட்டிக் குழுவின் முத்திரை. கடை முதலாளி தன் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி, போனை மூக்கருகே கொண்டுபோய் வைத்துக்கொண்டு முதல் பக்கத்தை இரண்டு தடவை படித்தார். பிறகு கடைக் கதவில் 'சற்று நேரத்தில் திறக்கப்படும்' அட்டையைத் திருப்பி மாட்டினார்.

"உக்காரும்மா. இது நெஜம்."

ஐந்து மாதத்துக்கு முன்னால் குச்சி அந்தப் போட்டிக்குப் போயிருந்தாள். அக்கா விளையாட்டாக அனுப்பிய ஒரு போட்டோ உள்ளூர் சுற்றில் தேறியது. அடுத்த சுற்றிலும் தேறியது. கடைசியில் எழுபது நாட்டுப் பெண்களோடு ஒரு பெரிய ஓட்டலில் மூன்று வாரம். அங்கே யாருக்கும் யார் பெயரும் வாயில் நுழையாததால் இடுப்பில் குத்தியிருந்த எண்ணே பெயரானது. குச்சி முப்பத்தொண்ணு. அவளோடு ஒரே அறையில் இருந்தவள் பதினாலு.

பதினாலு அதிகம் பேசமாட்டாள். இருவருக்கும் அரைகுறையாகத் தெரிந்த ஒரு பொது மொழியில்தான் பேச்சு. அவள் காலுறை போட்டுக்கொண்டுதான் தூங்குவாள். மேடையில் சொல்ல வேண்டிய பதில்களை உள்ளங்கையில் எழுதிவைப்பாள். ஒத்திகைக்குள் அது வியர்வையில் கரைந்துவிடும். குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு பிஸ்கட் தின்பாள். அந்தச் சத்தம் கேட்டு குச்சியும் போய்க் கதவைத் தட்டி ஒன்று வாங்கிக்கொள்வாள். நட்பு என்று சொல்ல அதற்கு மேல் ஒன்றுமில்லை. ஆனால் இருவரும் ஒருவரையொருவர் ஒரு நாளும் மட்டமாக நினைத்ததில்லை.

கடைசி நாளில் மேடையில் மிச்சம் நின்றது அவர்கள் இரண்டு பேர்தான். கையைக் கோத்துக்கொண்டார்கள். பதினாலின் உள்ளங்கை ஈரத்துணி மாதிரி இருந்தது. அறிவிப்பாளர் உறையைப் பிரித்து, குரலை உயர்த்தி, குச்சியின் பெயரைச் சொன்னார். குச்சி வாயைப் பொத்திக்கொண்டு அழ ஆரம்பித்தாள். பதினாலு அவளைக் கட்டிக்கொண்டாள். பிறகுதான் புரிந்தது: அந்தப் போட்டியில் இரண்டாவதாக வந்தவள் பெயரைத்தான் முதலில் சொல்வார்கள். ஒத்திகையில் பத்து தடவை சொல்லிக்கொடுத்திருந்தார்கள். அந்த நேரத்தில் மறந்துவிட்டது. ஜெயித்தவள் முகத்தோடு குச்சியும், தோற்றவள் முகத்தோடு பதினாலும் நிற்கும் அந்தப் படம்தான் மறுநாள் எல்லா இடத்திலும் வந்தது.

ஊருக்குத் திரும்பி மறுபடியும் கண்ணாடிக் கடையில் சேர்ந்தாள். வருத்தமா என்று கேட்டார்கள். இல்லை என்றாள். சந்தோஷமா என்றார்கள். அதற்கும் சரியாகப் பதில் தெரியவில்லை. கண் பரிசோதனைப் படிப்புக்கு விண்ணப்பம் போட்டாள், இடமும் கிடைத்தது. வகுப்பு தொடங்க மூன்று வாரம் இருந்தபோதுதான் இந்தப் போன்.

பதினாறு பக்க ஒப்பந்தத்தின் சாரம் இவ்வளவுதான்: இந்த ஆண்டின் அழகி தனிப்பட்ட காரணங்களால் பொறுப்பிலிருந்து விலகிவிட்டார். விதிப்படி இரண்டாவது இடம் பெற்றவர் மீதமுள்ள ஏழு மாதத்துக்கு அந்தப் பொறுப்பை ஏற்கலாம். எழுபத்திரண்டு மணி நேரத்துக்குள் பதில் வராவிட்டால் மூன்றாம் இடத்தவருக்குப் போகும்.

அன்று சாயங்காலம் வீட்டில் யாருக்கும் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அப்பா லிஃப்ட் மெக்கானிக். வேலை உடுப்பைக்கூட மாற்றாமல் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்துவிட்டார். அம்மா ஓர் ஆஸ்பத்திரியில் படுக்கை விரிப்பு துவைக்கும் பகுதியில் இருப்பவள். அக்கா காப்பீட்டுக் கம்பெனியில் வேலை பார்க்கிறாள். கார் கதவில் விழுந்த கீறலுக்குக்கூட மூன்று பக்கம் விசாரணை எழுதுகிறவள்.

"காரணம் என்னன்னு போடலியே" என்றாள் அக்கா.

"போட்டிருக்காங்களே. தனிப்பட்ட காரணம்."

"அது காரணம் இல்லடி. காரணத்தோட மூடி."

அப்பா மேஜையைத் தட்டினார். "மேல போற லிஃப்ட் வந்து நம்ம மாடியில நிக்குது. ஏன் காலியா வந்துச்சுன்னா கேட்டுட்டு நிப்போம்?"

"கேக்கணும்பா. நீங்கதானே சொல்வீங்க, கதவு தொறந்தாலும் உள்ள லிஃப்ட் இருக்கான்னு பாத்துட்டுக் கால வைன்னு."

அப்பா வேலை உடுப்பின் பொத்தானைக் கழற்ற ஆரம்பித்தார். அம்மா மட்டும், "அந்தப் பொண்ணோட அம்மாவுக்கு இப்ப எப்படி இருக்கும்?" என்று கேட்டுவிட்டுத் தட்டுகளை எடுத்துக்கொண்டு போனாள்.

குச்சி பதினாலுக்குச் செய்தி அனுப்பினாள். 'என்ன ஆச்சு? நல்லா இருக்கியா? என்னைக் கூப்பிடறாங்க. போகட்டுமா?' மறுநாள் முழுக்கப் பதில் இல்லை. அதற்குள் விஷயம் வெளியே கசிந்துவிட்டது. பதினாலுக்குக் கல்யாணம் ஆகிவிட்டது, இல்லை, ஏற்கனவே ஆகியிருந்ததை மறைத்தாள், உடம்புக்கு முடியவில்லை, ஏதோ வீடியோ, ஏதோ வழக்கு என்று ஆளுக்கொன்று சொன்னார்கள். ஒரு நிருபர் கடைக்கு வந்து ஏழு ஃபிரேம் போட்டுப் பார்த்து, எட்டாவதைக் கையில் வைத்துக்கொண்டு, "அவங்க உங்க ரூம்மேட்தானே?" என்று ஆரம்பித்தார். முதலாளி அவருக்குக் கண்ணில் ஒரு குறையும் இல்லை என்று சொல்லி அனுப்பிவைத்தார்.

அதற்கு அடுத்த நாள் பதில் வந்தது.

'கிரீடம் கொஞ்சம் பெரிசா இருக்கும். பின்பக்கம் பஞ்சு வச்சுக்கோ. வலது ஓரம் ஒரு கம்பி நீட்டிட்டு இருக்கு, முடியைப் பிடிச்சு இழுக்கும்.'

அவ்வளவுதான். அக்கா அதை நாலு தடவை படித்தாள். "போகலாம்னும் சொல்லல, போகாதேன்னும் சொல்லல. இப்படி ஒரு வாக்குமூலத்த நான் பாத்ததே இல்ல."

எழுபதாவது மணி நேரத்தில் குச்சி சரி என்று எழுதி அனுப்பினாள். ஏன் என்று கேட்டால் அவளுக்குச் சொல்லத் தெரியாது. வேண்டாம் என்று சொல்லப் பெரிய காரணம் கிடைக்கவில்லை. வேண்டும் என்று சொல்லவும் கிடைக்கவில்லை. நேரம் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. கல்லூரியில் இடத்தைப் பிடித்துவைக்க முடியாது, அடுத்த ஆண்டு புதிதாக விண்ணப்பிக்க வேண்டும் என்று கறாராகச் சொல்லிவிட்டார்கள். முதலாளி, "போயிட்டு வாம்மா, இந்தக் கடை எங்கயும் ஓடிடாது" என்றார்.

கிரீடம் சூட்டியது போட்டிக் குழுவின் அலுவலகத்தில் ஒரு கூட்ட அறையில். பன்னிரண்டு பேர், ஒரு போட்டோக்காரர், பாதி வெட்டிய கேக். மேடையும் இல்லை, பாட்டும் இல்லை. கிரீடத்தைப் பெட்டியிலிருந்து எடுத்து வைத்தவர் செயலாளர், போனில் வாழ்த்துச் சொன்ன அதே பெண்மணி. பதினாலு சொன்னது போலவே வலது ஓரக் கம்பி முடியைப் பிடித்து இழுத்தது. குச்சிக்குக் கண்ணில் நீர் முட்டியது. போட்டோக்காரர், "அருமை, அப்படியே இருங்க" என்றார்.

எல்லாம் முடிந்ததும் குச்சி செயலாளரிடம் கேட்டாள்: "மேடம், அவங்க ஏன் போனாங்க?"

"தனிப்பட்ட காரணம்."

"யாரோட தனிப்பட்ட காரணம்? அவங்களோடதா, உங்களோடதா?"

செயலாளர் காலிப் பெட்டியை மூடினார். "அதுவும் தனிப்பட்டதுதாம்மா."

அன்றிலிருந்து ஊர் ஊராகப் பயணம். கூட வந்த மேற்பார்வைப் பெண்ணுக்குக் குச்சி மனசுக்குள் 'கடிகாரம்' என்று பெயர் வைத்தாள். ஐந்து நிமிடத்துக்கு ஒரு தடவை அந்த அம்மா மணிக்கட்டைத் திருப்பிப் பார்ப்பார். உடுப்புகள் எல்லாம் பதினாலுக்குத் தைத்தவை. குச்சிக்கு இரண்டு அங்குலம் குட்டை. கீழ் மடிப்பைப் பிரித்து விட்டதில் பழைய மடிப்புத் தடம் ஒரு கோடாகத் தெரிந்தது. போகிற இடமெல்லாம் சுவரொட்டியில் பதினாலின் முகம்தான். ஒரு கடைத்தெருத் திறப்பு விழாவில் முகத்தை விட்டுவிட்டுப் பெயரின் மேல் மட்டும் காகிதம் ஒட்டியிருந்தார்கள். நகரத் தலைவர் ஒருவர் வரவேற்புரை முழுக்கப் பதினாலின் பெயரையே சொன்னார். குச்சி ஒவ்வொரு தடவையும் தலையை ஆட்டிச் சிரித்தாள். யாருக்காகச் சிரிக்கிறோம் என்று அவளுக்கே குழப்பமாக இருந்தது.

நிருபர்கள் ஒரே கேள்வியைத்தான் கேட்டார்கள். "அவங்களுக்கு என்ன ஆச்சு?"

"எனக்குத் தெரியாது."

தெரியாது என்று சொல்லச் சொல்ல, எதையோ மறைக்கிறாள் என்றே எழுதினார்கள். ஓர் இடத்தில் 'அறைத் தோழியின் சதியா?' என்று தலைப்பு. அக்கா அதை அனுப்பி, கீழே 'கேள்விக்குறி போட்டுத் தப்பிச்சுக்கிட்டான்' என்று எழுதியிருந்தாள்.

இரண்டாம் மாதம் ஒரு நீலக் கோட்டின் பையில் ஒரு துண்டுக் காகிதம் கிடைத்தது. பதினாலின் கையெழுத்து. 'திங்கள், சிவப்புக் கம்பளம். செவ்வாய், நீலக் கம்பளம், ஆஸ்பத்திரி. புதன், குதிரையா? வியாழன், கேட்டுக்கொள்.' அடியில், 'நான் இருப்பது ஏழாவது மாடி' என்று இரண்டு கோடு போட்டிருந்தாள். குச்சிக்கு முதலில் சிரிப்பு வந்தது. பிறகு தன் அறை எந்த மாடி என்று யோசித்துப் பார்த்தாள். உடனே நினைவுக்கு வரவில்லை.

அடுத்த மாதம் பயணம் பதினாலின் ஊர் வழியாகப் போனது. நடுவில் ஒரு மத்தியானம் வேலையில்லை. குச்சி கடிகாரத்திடம் தலைவலி என்று சொல்லிவிட்டு, ஓட்டலின் பின்வாசல் வழியாக இறங்கி டாக்ஸி பிடித்தாள். ஒரே அறையில் இருந்த நாட்களில் பதினாலு தன் முகவரியைக் குச்சியின் நோட்டில் எழுதிக்கொடுத்திருந்தாள்.

அது டயர் கடைக்கு மேலே ஒரு பழைய அடுக்கு வீடு. உள்ளே நுழைந்ததும் படிக்கட்டில் ஒரு பெண் முதுகு காட்டிக் குனிந்து தரை துடைத்துக்கொண்டிருந்தாள். கால்சட்டையை முழங்கால் வரை மடித்துவிட்டிருந்தாள். முடியை ஒட்ட வெட்டியிருந்தாள். பக்கத்தில் ஒரு வாளி.

"செருப்பைக் கழட்டு. இப்பதான் துடைச்சேன்" என்றாள் திரும்பாமலே. பிறகு திரும்பினாள். "முப்பத்தொண்ணு!"

குச்சி செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு ஈரப் படியில் நின்றாள். "என்ன ஆச்சு உனக்கு?" என்றாள்.

"இந்த வாரம் எங்க வீட்டு முறை. படி துடைக்கணும்."

"அதில்ல."

பதினாலு துணியைப் பிழிந்து வாளி விளிம்பில் போட்டாள். இருவரும் காய்ந்த ஒரு படியாகப் பார்த்து உட்கார்ந்தார்கள்.

"எதுவும் ஆகல" என்றாள் பதினாலு. "ஒரு விமான நிலையத்துல உக்காந்திருந்தேன். ஒலிபெருக்கில ஒரு பேரச் சொல்லி, சீக்கிரம் வாங்கன்னு கூப்பிட்டாங்க. மூணு தடவை. யாரோ பாவம், இன்னும் வந்து சேரலையேன்னு நானும் சுத்திமுத்திப் பாத்தேன். நாலாவது தடவை கூப்பிட்டப்பதான் அது என் பேருன்னு தெரிஞ்சுது."

"அந்த கடிகா... அந்த மேற்பார்வை அம்மா கூட இல்லையா?"

"தண்ணி வாங்கப் போயிருந்தாங்க."

"அப்புறம்?"

"தெரிஞ்ச பிறகும் நான் எழுந்திருக்கல. விமானம் போயிடுச்சு. பயமும் இல்ல, அழுகையும் வரல. நல்லா தூங்கி எழுந்த மாதிரி இருந்துச்சு. அங்கேர்ந்து நேரா வீட்டுக்கு வந்துட்டேன்."

"அவ்வளவுதானா?"

"எல்லாரும் இதத்தான் கேக்கறாங்க. எங்க அம்மாகூட. பெரிசா ஏதாவது நடந்திருந்தா சொல்றதுக்கு வசதியா இருந்திருக்கும்."

குச்சிக்குக் கோபம் எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை. அவள் மூன்று மாதமாக மனசுக்குள் என்னென்னவோ கட்டி வைத்திருந்தாள். யாரோ மிரட்டியிருப்பார்கள், யாரோ ஏமாற்றியிருப்பார்கள், தான் போய்க் கேட்டதும் பதினாலு அழுவாள் என்றெல்லாம். "நான் படிப்ப விட்டுட்டு வந்தேன். என் சீட் போயிடுச்சு" என்றாள். குரல் படிக்கட்டில் எதிரொலித்தது.

"நான் உன்னை வரச் சொல்லலியே."

"நீ எனக்குக் குடுத்துட்டுப் போனேன்னு நெனச்சேன்."

"குடுக்கல" என்றாள் பதினாலு மெதுவாக. "கீழ வச்சேன். அடுத்தது நீ நின்னுட்டு இருந்தே."

மேல் மாடியிலிருந்து பையோடு இறங்கி வந்த ஓர் அம்மாள், இருவரும் வழியை அடைத்து உட்கார்ந்திருப்பதைப் பார்த்து முணுமுணுத்தார். ஈரத்தில் அவர் கால் பதிந்த தடம் ஒவ்வொரு படியிலும் விழுந்தது. பதினாலு பெருமூச்சு விட்டுத் துணியை மறுபடி எடுத்தாள். என்ன செய்வது என்று தெரியாமல் குச்சியும் வாளியைத் தூக்கிக்கொண்டு கூடவே ஒவ்வொரு படியாக இறங்கினாள்.

பாதி வழியில் பதினாலு கேட்டாள்: "உனக்குப் பிடிச்சிருக்கா?"

"எது?"

"இந்த வேலை. கிரீடம், ரிப்பன் வெட்டறது, இதெல்லாம்."

குச்சி வாளியோடு நின்றாள். இத்தனை மாதத்தில் யாரும் அவளிடம் இதைக் கேட்கவில்லை. வீட்டிலும் கேட்கவில்லை, நிருபர்களும் கேட்கவில்லை. அவளும் தன்னைக் கேட்டுக்கொள்ளவில்லை. "சில நாள் பிடிக்குது" என்றாள். "போன வாரம் ஒரு பள்ளிக்கூடத்துல நானூறு பிள்ளைங்க கை குலுக்கினாங்க. பிடிச்சிருந்துது. மறுநாள் ஒரு சோபாக் கடை. மூணு மணி நேரம் சோபால உக்காந்திருந்தேன். அது பிடிச்சுதா இல்லையான்னே தெரியல."

"எனக்கு அந்தச் சோபாக் கடை பிடிச்சிருந்துது" என்றாள் பதினாலு. "உக்காரவாவது விட்டாங்க."

இருவருக்கும் சிரிப்பு பீறிட்டது. அடக்க அடக்க வந்தது. டயர் கடைக்காரர் எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்.

கிளம்பும்போது பதினாலு, பச்சை உடுப்பின் ஜிப் தோலைக் கடிக்கும், உள்ளே ஒரு துணி வைத்துத் தைக்கச் சொல் என்றாள். வேறு எதுவும் சொல்லவில்லை. மன்னிப்பும் கேட்கவில்லை. குச்சியும் அதை எதிர்பார்க்கவில்லை என்றுதான் நினைத்தாள். ஆனால் டாக்ஸியில் உட்கார்ந்ததும் ஏதோ ஒன்றை வாங்காமல் வந்துவிட்ட மாதிரி இருந்தது.

ஓட்டல் வாசலில் கடிகாரம் நின்றிருந்தார். மணிக்கட்டைப் பார்க்கவில்லை. குச்சியின் நனைந்த பாவாடை ஓரத்தைத்தான் பார்த்தார். "தலைவலி போச்சாம்மா?"

"போகல மேடம். ஆனா பரவால்ல."

"அந்தப் பொண்ணு நல்லா இருக்காளா?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் லிஃப்டுப் பக்கம் நடந்தார்.

அன்று சாயங்காலம் அக்காவிடம் எல்லாவற்றையும் போனில் சொன்னாள்.

"நான் நம்பமாட்டேன்" என்றாள் அக்கா. "எதுவும் ஆகாம யாராவது இவ்வளவு பெரிய விஷயத்த விட்டுட்டுப் போவாங்களா? ஏதோ மறைக்கிறா."

"மறைக்கலக்கா. அவளுக்கே தெரியல."

"தெரியலன்னு எழுதினா எங்க ஆபீஸ்ல ஃபைல மூட விடமாட்டாங்க." பிறகு, "நீ திரும்பி வந்துடறியா?" என்று கேட்டாள். அக்கா குரல் இவ்வளவு இறங்கிக் குச்சி கேட்டதில்லை.

"அதுவும் தெரியலக்கா."

அவள் திரும்பிப் போகவில்லை. மீதி நான்கு மாதமும் இருந்தாள். விட்டுவிடலாம் என்று மூன்று தடவை கடிதம் எழுதினாள். மூன்று தடவையும் மறுநாள் ஏதாவது ஒரு நல்ல நிகழ்ச்சி வந்து கெடுத்தது. நடுவில் கல்லூரிக்குப் புதிதாக விண்ணப்பம் போட்டாள். இந்தத் தடவை காத்திருப்போர் பட்டியலில்தான் பெயர் வந்தது. கடைசி வாரம்தான் இடம் உறுதியானது. அதற்குள் நிருபர்கள் பதினாலை மறந்திருந்தார்கள். ஒரு சுவரொட்டியில் குச்சியின் முகமே வந்துவிட்டது. அதைப் பார்த்தபோது யாரோ தெரிந்தவள் மாதிரி இருந்தது.

அடுத்த போட்டியின் கடைசி நாளில், கிரீடத்தைக் கழற்றிப் புதியவளுக்குச் சூட்ட குச்சி மேடை ஏறினாள். அறிவிப்பாளர் அவளை 'சென்ற ஆண்டின் அழகி' என்று மட்டும் சொன்னார். முதலாவதா இரண்டாவதா என்ற பேச்சே இல்லை. புதியவள் அழுதுகொண்டே முன்னால் வந்து நின்றாள். பத்தொன்பது வயது இருக்கும். குச்சி கிரீடத்தை அவள் தலையில் வைத்ததும், விளக்கு வெளிச்சத்தில் கண்ணைச் சுருக்கிக்கொண்டு, உதட்டை அசைக்காமல் கேட்டாள்: "இப்ப நான் என்ன பண்ணணும்?"

குச்சி அந்தக் கேள்விக்குப் பதில் தேடினாள். முன்வரிசையில் செயலாளர் கையைக் காட்டிக்கொண்டிருந்தார். பாட்டு தொடங்கிவிட்டது.

"தெரியலம்மா" என்றாள். "இப்போதைக்கு நேரா நட."

அந்தப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டு நேராக நடந்தாள். கைதட்டல் அவளோடு போனது. குச்சி எந்தப் பக்கமாக இறங்க வேண்டும் என்று ஒத்திகையில் சொல்லியிருந்தார்கள். அது சுத்தமாக மறந்துவிட்டது. இடது பக்கம் இரண்டடி வைத்தாள். அங்கே திரைதான் இருந்தது. திரும்பி, தலையைக் கையால் தடவிப் பார்த்துக்கொண்டே, வலது பக்கம் போனாள்.